மூன்று கோடு மருந்து

பட்டறைக்காரர் தன் மச்சானுக்குக் கொடுக்க வேண்டியிருந்தது பதினோராயிரத்து நானூறு. இருபத்தாறு வருஷமாகக் கொடுக்கவில்லை. கையில் இல்லாமல் இல்லை. கொடுக்கக்கூடாது என்று நினைத்தே கொடுக்கவில்லை.

அவர் யாரையும் ஏமாற்றிப் பிழைத்தவர் அல்ல, அதையும் சொல்லிவிட வேண்டும். ஒன்பது வயதில் அடுத்தவன் பட்டறையில் இரும்பு கடையும் லேத்துக்கு அடியில் குனிந்து, சூடு ஆறாத இரும்புச் சுருளை வெறுங்கையால் அள்ளிக் கொட்டியவர். உள்ளங்கையில் அந்தக் கீறல்கள் இன்னும் இருக்கின்றன. பள்ளிக்கூடத்தில் உட்கார்ந்தது மூன்றே வருஷம். எண்களை இரும்பு ஸ்கேலில் படித்தார், எழுத்துகளை மெஷின் மேல் ஒட்டியிருந்த தகட்டில் படித்தார். இருபத்துநாலு வயதில், இனி ஓடாது என்று எல்லோரும் கைகழுவிய ஒரு லேத்தை எடைக்கு வாங்கி, ஆறு மாதம் அதோடு மல்லுக்கட்டி ஓடவைத்தார். நாற்பத்தைந்தில் மூன்று லேத், ஆறு ஆள், கீழே பட்டறை, மேலே வீடு. யார் பணமும் இல்லை, யார் சிபாரிசும் இல்லை. அவருக்கு அளவு கண்ணிலேயே இருந்தது. ஒரு தண்டைக் கையில் எடுத்தால், எவ்வளவு தேய வேண்டும் என்று முடிக் கனத்துக்குச் சொல்லுவார். அளந்து பார்த்த இன்ஜினியர்கள் வாயடைத்துப் போயிருக்கிறார்கள்.

கூலி கொடுப்பதிலும் அவருக்கென்று ஒரு முறை இருந்தது. சனிக்கிழமை ஐந்து மணிக்கு மெஷின்கள் நிற்கும். ஆறு பேரும் கை கழுவிவிட்டு வரிசையாக நின்று உள்ளங்கையை நீட்டுவார்கள். கவரும் கிடையாது, கையெழுத்தும் கிடையாது. ஒவ்வொரு கையிலும் நோட்டு நோட்டாக, தெருவுக்கே கேட்கும்படி சத்தமாக எண்ணி வைப்பார். பின்னால் ஒருத்தனும் குறைந்தது என்று வந்து நின்றதில்லை.

அந்த ஆறு பேரில் ஒருவன் மச்சான், அதாவது மனைவியின் தம்பி. இருபத்தாறு வயசு, நல்ல கை. கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. தனிவீடு பார்த்து முன்பணம் கட்ட வேண்டும் என்று, கூலியில் பாதியை வாங்காமல் அத்தானிடமே சேர்த்துவைத்தான். இரண்டு வருஷத்தில் சேர்ந்தது பதினோராயிரத்து நானூறு.

மூன்றாவது லேத் அப்போதுதான் வந்திருந்தது. மூடிப்போன ஒரு தொழிற்சாலையில் ஏலத்தில் எடுத்தது. லேத்தில் இரும்பை எவ்வளவு சீவ வேண்டும் என்பதைக் கைப்பிடிச் சக்கரத்தில் உள்ள கோடுகளை எண்ணித்தான் வைப்பார்கள். மற்ற இரண்டிலும் கோடு மில்லிமீட்டர் கணக்கு. இது பழங்கால மெஷின், அங்குலக் கணக்கு. பார்க்கக் கோடு ஒரே மாதிரி இருக்கும். ஆனால் இதில் ஒரு கோடு திருப்பினால், அதில் இரண்டரைக் கோடு திருப்பியதற்குச் சமம். பட்டறைக்காரருக்கு இது வாங்கிய அன்றே தெரியும்.

ஒருநாள் அந்த மெஷினில் நிற்கிறவன் வரவில்லை. ஒரு பம்பு கம்பெனிக்கு நூற்றறுபது உருப்படி அன்று மாலையே போக வேண்டும். வாசலில் லாரி காத்திருந்தது. பட்டறைக்காரர் இரும்பு வாங்கக் கிளம்பிக்கொண்டிருந்தார்.

"டேய், இன்னைக்கு நீ மூணாவதுல நில்லு. சும்மா சும்மா அளந்து நேரத்தை ஓட்டாதே. கோட்டை நம்பி வெட்டு. சாயங்காலம் நான் வந்து பாக்கறேன்."

அவ்வளவுதான் சொன்னார். அங்குலம் என்ற சொல் வாயில் வரவில்லை. சாயங்காலம் வந்து பார்த்தால் நூற்றறுபதும் மெலிந்து, காயலான் கடைக்குப் போக வேண்டிய இரும்பாகக் கிடந்தது.

அடுத்த சனிக்கிழமை மச்சான் வரிசையில் நின்று கையை நீட்டினான். அந்த வாரக் கூலியோடு சேர்த்துப் பதினோராயிரத்து நானூறையும் கேட்டிருந்தான், திங்கட்கிழமை வீட்டுக்காரனுக்கு முன்பணம் கட்ட. பட்டறைக்காரர் அவன் பக்கத்தில் இருந்தவனுக்கு எண்ணினார். மச்சானைத் தாண்டி அடுத்தவனுக்கு எண்ணினார். கடைசி ஆள் வரைக்கும் போனார். மச்சானின் கை மட்டும் நீட்டியபடி நின்றது.

"அத்தான், எனக்கு?"

"உனக்கா? நூத்தறுபது உருப்படி குப்பையில கிடக்கு. அதுக்கும் இதுக்கும் சரியாப் போச்சு."

"அது வேற கணக்கு மெஷின்னு நீங்க சொல்லலையே அத்தான்."

"கோடு எண்ணத் தெரிஞ்சா போதுமாடா? எந்தக் கோட்டை எண்ணுறோம்னு தெரிய வேணாமா? மாடு!"

மற்ற ஐந்து பேரும் தரையைப் பார்த்தார்கள். படிக்கட்டில் நின்ற அவர் மனைவி எல்லாவற்றையும் பார்த்தாள். மச்சான் கையை மெதுவாக மடக்கினான். அன்றோடு பட்டறைக்கு வரவில்லை. எங்கெங்கோ வண்டி ஓட்டினான். பிறகு கடன் வாங்கி ஒரு பழைய வேன் எடுத்து, பள்ளிக்கூடப் பிள்ளைகளை ஏற்றி இறக்கிப் பிழைத்தான்.

மனைவி வருஷத்துக்கு ஒரு தடவையாவது கேட்பாள். சண்டை போட மாட்டாள். சாப்பாடு போட்டுக்கொண்டே, உப்புப் போதுமா என்று கேட்கிற குரலில் கேட்பாள்.

"என் தம்பி காசு இன்னும் உங்ககிட்டதானே இருக்கு?"

"அவன் காசு இல்லை, என் நஷ்டம்."

"சரி," என்று எழுந்துபோவாள். போகும்போது அவரை ஒரு பார்வை பார்ப்பாள். இருந்தாலும் தன் கையால் உழைத்து வந்தவன் இறங்கிப் போவதாவது? போகவில்லை.

பூனை வந்தது பட்டறை மூடுவதற்குக் கொஞ்ச நாள் முன்னால். மழை பெய்த ஒரு காலையில், இரும்புச் சுருள் கொட்டும் பீப்பாய்க்குள் ஈனக்குரலில் ஏதோ கத்தியது. மனைவிதான் கையை விட்டு எடுத்தாள். அரத்தூள் நிறத்தில் ஒரு குட்டி, உடம்பெல்லாம் இரும்பு முள். ஒரு பகல் முழுக்க மடியில் வைத்து ஒவ்வொன்றாகப் பிடுங்கினாள். சுருளில் கிடைத்தது, வாலும் சுருண்டிருந்தது, 'சுருள்' என்று பெயராயிற்று. வீட்டில் அவருக்கு அடுத்த இடம் அதற்கு என்று எல்லோரும் சொல்லுவார்கள். அவருக்கு முந்தின இடம் என்பதே நிஜம்.

மனைவிக்குச் சர்க்கரை. தினமும் தானே வயிற்றில் ஊசி போட்டுக்கொள்வாள். பட்டறைக்காரர் இரும்பைக் கிழிப்பாரே தவிர, ஊசியைக் கண்டால் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொள்வார். கடைசியில் அவளைக் கொண்டுபோனது சர்க்கரை அல்ல, நெஞ்சு. ஆஸ்பத்திரியில் இரண்டு நாள் இருந்தாள். இரண்டு விஷயம் சொன்னாள்.

"சுருளைப் பாத்துக்கோங்க. என் தம்பிக்குக் குடுத்துடுங்க."

அவர் தலையை ஆட்டினார். எதற்கு ஆட்டினார் என்று அவள் கேட்கவில்லை. வீட்டுக்கு வந்து அவரே ஒரு தீர்ப்பு சொல்லிக்கொண்டார்: பூனையை ராஜா மாதிரி பார்த்துக்கொண்டால், இரண்டும் அதிலேயே அடங்கிவிடும்.

அவள் போய் ஒரு வருஷம் கழித்துப் பூனை தண்ணீராகக் குடிக்க ஆரம்பித்தது. குடித்த மறு நிமிஷம் மணல் பெட்டிக்கு ஓடும். தின்னத் தின்ன மெலிந்தது. பின்னங்கால் குதிகால் தரையில் பட, கிழவன் செருப்பை இழுத்து நடப்பது போல நடந்தது. தூக்கிக்கொண்டு ஓடினார். கால்நடை டாக்டரம்மா காதோரம் ஒரு குத்துக் குத்தி ரத்தம் பார்த்தாள்.

"சர்க்கரை, ஐயா."

"பூனைக்கா?"

"பூனைக்கும் வரும். ரெண்டு வேளை ஊசி போடணும். வீட்ல யார் இருக்கா?"

"நான் இருக்கேன்."

"உங்களால முடியுமா?"

அப்படி ஒரு கேள்வியை அவரிடம் யாரும் கேட்டு நாற்பது வருஷம் ஆகியிருந்தது. "எழுதிக் குடுங்க," என்றார்.

சாப்பிட்ட பிறகுதான் ஊசி. பன்னிரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை. மருந்துப் புட்டி குளிர்பெட்டியில், குலுக்கக்கூடாது. ஊசியில் மூன்று கோடு அளவு. தள்ளாடினாலோ வலிப்பு வந்தாலோ உடனே சர்க்கரைத் தண்ணீரை ஈறில் தடவிவிட்டுத் தன்னைக் கூப்பிட வேண்டும். இதையெல்லாம் அவள் வாயாலும் சொன்னாள், ஒரு சீட்டிலும் எழுதிக் கொடுத்தாள். சீட்டைக் குளிர்பெட்டிக் கதவில் ஒட்டிவைத்தார். ஒட்டிவைத்தாரே தவிர, கடைசி வரி வரைக்கும் எழுத்துக்கூட்டிப் படிக்கவில்லை. மூன்று கோடு என்பது போதுமே.

முதல் நாள் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பாமல் ஊசியைப் பிடித்தார். பிடரித் தோலைக் கூடாரம் மாதிரி தூக்கிக் குத்தினார். ஊசி இந்தப் பக்கம் நுழைந்து அந்தப் பக்கம் வெளியே வந்து, மருந்தெல்லாம் ரோமத்தை நனைத்தது. பூனை திரும்பி அவரை ஒரு பார்வை பார்த்தது. மனைவி 'சரி' என்று சொல்லும்போது பார்க்கிற அதே பார்வை. இரண்டாம் நாள் சரியாகப் போயிற்று. ஒரு வாரத்தில், தட்டில் அது கடைசி வாய் தின்னும்போதே குத்தி எடுத்துவிடுவார், அதற்குத் தெரியவே தெரியாது. பத்தாம் நாளிலிருந்து பூனை ஏழு மணிக்குத் தானே வந்து சமையலறை மேடைக்குக் கீழே உட்கார்ந்துகொண்டது. பின்னங்கால் நிமிர்ந்தது. ஒருநாள் ஜன்னல் திட்டுக்குத் தாவி ஏறியது.

மனிதருக்குத் தலைகால் புரியவில்லை. சலூனில் முகத்தில் சோப்பு நுரையோடு உட்கார்ந்துகொண்டே ஆரம்பித்துவிடுவார்.

"நர்ஸுக்குப் படிச்சவளுக்கே பூனைக்கு ஊசி போட வராது, தெரியுமா? வளைஞ்ச உடம்பு, வழுக்குற தோல். கையில தொழில் இருக்கணும்."

சலூன்காரர், "அப்ப எனக்கும் ஒரு ஊசி போட்டு விடுங்க, முதுகு வலி தாங்கலை," என்பார்.

"உனக்கு வாயில போடணும். ஆடாம மழி."

வேறு ஊரில் இருந்த மகள் போனில் கூப்பிடும்போதெல்லாம் ஒன்றையே சொல்லுவாள். "அப்பா, ஊசி தீர்ந்தா பழைய அட்டையை எடுத்துட்டுப் போய்க் காட்டி அதே மாதிரி வாங்குங்க. மாத்தி வாங்கிடாதீங்க."

"அளவைப் பத்தி எனக்கு நீ பாடம் எடுக்கறியா?"

"இல்லப்பா, சும்மா சொன்னேன்."

ஒவ்வொரு முறை ஊசியை உருவும்போதும், மனைவியின் கணக்கில் ஒரு வரவு வைத்துவிட்ட மாதிரி அவருக்கு இருக்கும். ஒரு நாளைக்கு இரண்டு. எட்டு மாதத்தில் எத்தனை ஆயிற்று! மச்சானுக்குக் கொடுக்க வேண்டியது இதில் கழிந்துகொண்டே வருகிறது என்று நெஞ்சாரவே நம்பினார். பூனை உயிரோடு இருக்கிற வரைக்கும் அவர் அவளுக்குக் கடன்காரர் இல்லை. அதனால்தான் அந்தப் பூனையின் உயிர் அவருக்கு அவ்வளவு பெரிசு.

ஒரு சனிக்கிழமை ஊசிகள் தீர்ந்தன. கடைக்குக் கிளம்பச் சட்டை எடுக்கப் போனவர், அலமாரியில் மனைவியின் புடவைகளுக்குப் பின்னால் ஒரு பெட்டியைப் பார்த்தார். பிரிக்காத ஊசிகள், நாற்பதோ ஐம்பதோ. அவள் வாங்கி வைத்தவை. இதுவும் சர்க்கரைக்குப் போடுகிற ஊசிதான். அதே நீளம், அதே மெல்லிசு. பூனைக்குப் போட்டதில் மூடி ஆரஞ்சு, இதில் சிவப்பு. சாயத்தில் என்ன இருக்கிறது? காசு கொடுத்து வாங்கிய சாமான் வீணாய்க் கிடக்கலாமா? ஒன்பது வயதில் கீழே கிடந்த ஆணியைப் பொறுக்கி நிமிர்த்தி வைத்தவருக்கு அது பொறுக்கவில்லை. அவளுடைய ஊசி அவளுடைய பூனைக்கு என்று நினைத்தபோது மனசு கொஞ்சம் இளகவும் செய்தது.

சாயங்காலம் ஏழு மணிக்கு எண்ணினார். ஒன்று, இரண்டு, மூன்று. போட்டார்.

பூனை அதற்கப்புறம் பேய்ப்பசியோடு தட்டை நக்கியது, இன்னும் கேட்டுக் கத்தியது. இன்னொரு தட்டு வைத்தார். மருந்து நன்றாக வேலை செய்கிறது என்று சந்தோஷப்பட்டார். காலையில் கொஞ்சம் சோர்ந்தாற்போல இருந்தது. பாதித் தட்டுதான் தின்றது. ஏழு மணிக்கு மறுபடி மூன்று கோடு.

பத்து மணிக்கு ஏதோ உருளும் சத்தம். சமையலறையில் பூனை பக்கவாட்டில் விழுந்து, நான்கு கால்களும் தண்ணீரில் துடுப்புப் போடுகிற மாதிரி அடித்துக்கொண்டிருந்தன. வாயில் நுரை. கண் திறந்திருந்தது, ஆனால் எதையும் பார்க்கவில்லை. சர்க்கரையைக் கரைத்து விரலால் ஈறில் தடவினார். பல் இறுகி அவர் கட்டைவிரலில் இறங்கியது. ரத்தத்தோடு சேர்த்துத் தடவினார். டாக்டரம்மாவைக் கூப்பிட்டார்.

"உடனே தூக்கிட்டு வாங்க ஐயா. தடவிக்கிட்டே வாங்க, நிறுத்தாதீங்க."

எதில் வருவது? அவரிடம் இருந்தது ஸ்கூட்டர். துடிக்கிற பூனையை ஒரு கையில் பிடித்து, ஈறில் தடவிக்கொண்டே ஸ்கூட்டர் ஓட்ட மூன்று கை வேண்டும். ஞாயிற்றுக்கிழமை, தெருமுனையில் வாடகை வண்டி ஒன்றும் இல்லை. வண்டி என்றால் அவருக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்றுதான், இரண்டு தெரு தள்ளி நிற்கிற பள்ளிக்கூட வேன். அந்த நம்பர் அவர் போனில் இல்லை. மனைவியின் போனை இன்னும் சார்ஜ் போட்டு வைத்திருந்தார். அதில் 'தம்பி' என்று இருந்தது. அழுத்தினார்.

எதிர்முனையில் மூச்சு நின்றது போல ஒரு நிமிஷம். பிறகு, "அக்கா?"

செத்தவளின் எண்ணிலிருந்து மணி அடித்தால் யாருக்குத்தான் அப்படி வராது!

"நான்தான்பா. சுருளுக்கு உயிர் போகுது. வண்டியை எடுத்துட்டு வா."

ஏன், எதற்கு என்று கேட்கவில்லை. ஐந்து நிமிஷத்தில் வேன் வாசலில் நின்றது. ஐம்பத்திரண்டு வயசு ஆள், பாதி நரை, பனியனோடு வந்திருந்தான். சின்னப் பிள்ளைகள் உட்காருகிற குட்டை இருக்கையில் முழங்கால் நெஞ்சில் இடிக்க உட்கார்ந்து, துண்டில் சுற்றிய பூனையின் வாயில் தடவிக்கொண்டே வந்தார் அவர். வழியில் அது அவர் மடியிலும் இருக்கையிலும் மூத்திரம் போய்விட்டது. மச்சான் திரும்பிப் பார்க்கவில்லை. வேன் மட்டும் பறந்தது.

டாக்டரம்மா பூனையின் காலில் ஊசி ஏற்றி, குளுக்கோஸைச் செலுத்தினாள். துடிப்பு மெல்ல அடங்கியது. பிறகுதான் அவர் பக்கம் திரும்பினாள்.

"மருந்து எவ்வளவு போட்டீங்க?"

"மூணு கோடு."

"ஊசி இருக்கா?"

சட்டைப் பையிலிருந்து புட்டியையும் ஊசியையும் எடுத்து மேஜையில் வைத்தார். உருப்படி கெட்டால் கருவியையும் கூடவே கொண்டுபோய்க் காட்டுவது தொழில் பழக்கம். அவள் ஊசியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். முகம் மாறியது.

"இது எங்க வாங்கினீங்க?"

"வாங்கலை. வீட்ல இருந்துச்சு. என் சம்சாரத்தோடது."

"மூடி நிறம் வேறயா இருக்கே, பாக்கலையா ஐயா?"

"நிறத்தைப் பாத்து வேலை செய்றவன் இல்லம்மா நான். கோட்டைப் பாத்துச் செய்றவன். எண்ணிப் பாருங்க, மூணு. ஒரு முடி கூடாது, குறையாது."

"மூணுதான். ஆனா இந்தக் கோடு வேற. உங்க மருந்து கெட்டி மருந்து, இந்த ஊசி லேசான மருந்துக்குச் செஞ்சது. இதுல ஒரு கோடு போட்டீங்கன்னா, அந்த ஊசியில ரெண்டரைக் கோடு போட்டதுக்குச் சமம்."

கதவருகே நின்று ஈரக்கையைப் பனியனில் துடைத்துக்கொண்டிருந்த மச்சான் நிமிர்ந்தான்.

"எவ்வளவு டாக்டரம்மா?"

"ரெண்டரை மடங்கு. அதுவும் ரெண்டு வேளை."

"ரெண்டரை," என்று மச்சான் தனக்குள் சொல்லிக்கொண்டான்.

பட்டறைக்காரர் முகத்தில் ஈயாடவில்லை. வாய் மட்டும் பழக்கத்தில் திறந்தது. "இப்படி வேற கணக்குன்னு நீங்க சொல்லலையே டாக்டரம்மா..."

சொல்லி முடிப்பதற்குள் அந்தப் பேச்சு எங்கே கேட்ட பேச்சு என்று அவருக்கே உறைத்துவிட்டது.

"சொன்னேன் ஐயா," என்றாள் அவள், கோபமில்லாமல். "சீட்டுல கடைசி வரியில எழுதியும் குடுத்தேன். வேற ஊசி மாத்தக்கூடாதுன்னு."

மச்சான் வெளியே போய்விட்டான்.

வாசல் பெஞ்சில் இரண்டு பேரும் ஆளுக்கொரு மூலையில் உட்கார்ந்திருந்தார்கள். பட்டறைக்காரர்தான் முதலில் பேசினார்.

"சிரிக்கணும்னா சிரிச்சுக்கோ."

"சிரிப்பு வரலை அத்தான். மாடுன்னு சொன்னீங்க. அதைத்தான் நினைச்சுக்கிட்டிருக்கேன். எந்தக் கோடுன்னு எனக்கு யாரும் எழுதிக் குடுக்கலை."

இவருக்கு வாயாலும் சொன்னார்கள், எழுதியும் கொடுத்தார்கள். அவனுக்கு இரண்டும் இல்லை.

பூனை இரண்டு நாள் கிடந்தது. பார்வை திரும்பவில்லை. அவர் குரலைக் கேட்டால் மட்டும் காதை ஒருபக்கம் திருப்பும். மூன்றாம் நாள் காலை அதுவும் நின்றது. "வேணும்னு செய்யலையே ஐயா," என்று டாக்டரம்மா ஆறுதல் சொன்னாள். அவளுக்குக் கொடுக்க வேண்டியதைக் கொடுத்துவிட்டு, கூடையை ஸ்கூட்டரில் முன்னால் வைத்துக்கொண்டு வந்தார். இப்போது ஒரு கையே போதுமாக இருந்தது.

பின்கட்டில் குழாயடிக்குப் பக்கத்தில் தானே வெட்டினார். பட்டறை இருந்த காலத்து மண், தோண்டத் தோண்ட துருப்பிடித்த சுருளாக வந்தது. எழுபத்தொரு வயசில் இரண்டடி ஆழம் வெட்ட முற்பகல் முழுக்க ஆயிற்று. பூனையைத் துண்டோடு இறக்கி மூடினார். உள்ளே வந்து குளிர்பெட்டிக் கதவிலிருந்த சீட்டைக் கடைசி வரி வரைக்கும் எழுத்துக்கூட்டிப் படித்தார். சிவப்பு மூடிப் பெட்டியை எடுத்துக் குப்பையில் போட்டார். இரண்டில் ஒன்றையாவது செய்தேன் என்று மனைவியிடம் சொல்லிக்கொள்ள இனி அவரிடம் ஒன்றும் இல்லை.

மறுநாள் பேங்கில் போய் நின்றார். கவுன்டர் பெண், "பெரிய நோட்டா தரவா ஐயா?" என்றாள்.

"வேணாம்மா. எல்லாம் நூறா குடு. அன்னைக்குக் கூலி நூறு நோட்டுலதான் குடுப்பேன்."

அவளுக்குப் புரியவில்லை. கொடுத்தாள்.

மச்சான் வீட்டு வாசலில் வேனைக் கழுவிக்கொண்டிருந்தான். பின் இருக்கையின் உறையைக் கழற்றிச் சோப்புப் போட்டுச் சுவரில் காயவைத்திருந்தான். அவன் மனைவி கதவுக்கு வந்தாள். அந்த முன்பணம் எந்தப் பெண்ணுக்காகச் சேர்ந்ததோ, அந்தப் பெண். தலையில் பாதி வெள்ளை.

"வாங்க அண்ணே. இருபத்தாறு வருஷத்துக்கு முன்னாடி வந்திருந்தா உக்காரச் சொல்ல நாற்காலி இருந்திருக்காது. வீடே இல்லையே. இப்ப இருக்கு, உக்காருங்க."

அவர் உட்காரவில்லை. "சுருள் போயிடுச்சு," என்றார்.

"தெரியும். டாக்டரம்மாகிட்டக் கேட்டேன்," என்றான் மச்சான், துணியைப் பிழிந்துகொண்டே.

பட்டறைக்காரர் அவனுக்குப் பக்கத்தில் போய் நின்றார். இந்தப் பேச்சை வீட்டிலிருந்து கிளம்பும்போதே நாக்கில் வைத்துக்கொண்டுதான் வந்தார். இருந்தும் அது ஒரு டன் இரும்பு மாதிரி கனத்தது.

"அந்த மெஷின் அங்குலக் கணக்குன்னு எனக்குத் தெரியும். சொல்லாமப் போனது நான்தான். அளக்காதேன்னு சொன்னதும் நான்தான். உன் மேல தப்பில்லை."

மச்சான் துணியை வாளியில் போட்டான்.

"இதை அக்கா இருக்கும்போது சொல்லியிருக்கலாம்."

"சொல்லியிருக்கலாம்."

"அவ சாகிற வரைக்கும், என் தம்பி கைத்தொழில் தெரியாதவன் இல்லைன்னு உங்ககிட்ட ஒரு வார்த்தை வாங்கணும்னு இருந்தா. காசுக்காக அவ கேக்கலை அத்தான்."

அவர் பையிலிருந்து நோட்டுக் கட்டை எடுத்தார். "வட்டியும் போட்டுத் தரேன். எவ்வளவுன்னு நீயே சொல்லு."

"வட்டி வேணாம்."

"எடுத்துக்கோப்பா. அப்ப இது ஒரு வீட்டு முன்பணம். இப்ப இதை வெச்சு என்ன வரும்?"

"இந்த வண்டிக்கு ரெண்டு டயர் வரும். அது போதும். வட்டி வாங்கினா உங்களுக்கு நான் நன்றி சொல்லணும். கூலிக்கு யாருக்கும் நன்றி சொல்ல வேண்டியதில்லை."

சொல்லிவிட்டு, கையைக் குழாயில் கழுவினான். விரல் இடுக்கெல்லாம் தேய்த்து, சனிக்கிழமை ஐந்து மணிக்குக் கழுவுவதைப் போலக் கழுவினான். வேட்டியில் துடைத்துக்கொண்டு வந்து அவர் எதிரில் நின்றான்.

"எண்ணிக் குடுங்க. சத்தமா."

உள்ளங்கையை நீட்டினான். அதிலும் பழைய கீறல்கள் இருந்தன, அவர் பட்டறையில் வாங்கியவை. பட்டறைக்காரர் கட்டைப் பிரித்தார். பல் பதிந்த கட்டைவிரலில் இன்னும் துணி சுற்றியிருந்தது, நோட்டு வழுக்கியது.

"ஒண்ணு," என்றார். குரல் எழும்பவில்லை.

"கேக்கலை அத்தான்."

"ஒண்ணு!"

எதிர்வீட்டு ஜன்னல் திறந்தது. தெருவில் போன இரண்டு பேர் நின்றார்கள். அவர் நிறுத்தவில்லை. ரெண்டு, மூணு என்று வைத்துக்கொண்டே போனார். ஐம்பதுக்கு மேல் குரல் கம்மியது. எழுபதில் நின்று மூச்சு வாங்கினார். மச்சான் கையை இறக்கவில்லை, அவசரப்படுத்தவும் இல்லை. மச்சான் மனைவி உள்ளேயிருந்து ஒரு டம்ளர் தண்ணீர் கொண்டுவந்து திண்டின் மேல் வைத்துவிட்டுத் தள்ளி நின்றாள். அவர் அதை எடுக்கவில்லை. நூறு தாண்டியது. கட்டு மெலிந்து, மெலிந்து, கடைசியில் ஒற்றை நோட்டு மிஞ்சியது.

"நூத்திப் பதினாலு," என்று சொல்லி, அதை விரிந்திருந்த அந்தக் கையில் வைத்தார்.